ஊரிலிருந்து வருகிறவர்களுக்கு பார்லிமென்ட் காட்ட வேண்டும்: கட்டடமா, அவையா?

மயூர்விஹார்_வாசி:
எல்லோருக்கும் வணக்கம். விருதுநகரிலிருந்து அண்ணன் குடும்பம் டெல்லி வர இருக்கிறது. அண்ணன், அண்ணி, 9ஆம் வகுப்பு படிக்கும் மகள், 8 வயது மகன், கூடவே அண்ணியின் அம்மா. அத்தைக்கு 72 வயது, முழங்கால் வலி உண்டு. கிராமத்துப் பள்ளியில் தலைமை ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். தாஜ்மகால் பார்க்காவிட்டாலும் பரவாயில்லை, பார்லிமென்ட்டை உள்ளே போய்ப் பார்க்க வேண்டும் என்று சொல்லிவிட்டார். குடிமையியல் பாடம் நடத்திய இத்தனை வருடத்திலும் கரும்பலகையில் வட்டம் போட்டுத்தான் காட்டியிருக்கிறாராம்.

நான் டெல்லியில் பல வருடமாக இருந்தும் அந்தப் பக்கம் பேருந்தில் கடந்து போனதோடு சரி. எப்போது வரச் சொல்வது? அண்ணன் மே மாத விடுமுறை அல்லது அரையாண்டு விடுமுறை என்கிறார். பாஸ் எப்படி வாங்குவது? குழந்தைகளை விடுவார்களா? போய் வந்தவர்கள் சொல்லுங்கள்.

கரோல்பாக்_பழசு:
முதலில் ஒன்றை முடிவு செய்யுங்கள். அத்தை பார்க்க ஆசைப்படுவது கட்டடத்தையா, கூடி நடக்கிற அவையையா? இரண்டுக்கும் தேதி வேறு, வழி வேறு, பாஸும் வேறு. இது தெரியாமல் டிக்கெட் போட்டுவிட்டு வந்து, ரெய்சினா சாலையில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டு திரும்பிப் போன உறவினர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

நாடாளுமன்றம் வருடத்தில் மூன்று முறை கூடுகிறது. பட்ஜெட் கூட்டத்தொடர் ஜனவரி கடைசியில் தொடங்கி பிப்ரவரி நடுவில் ஒரு இடைவெளி விட்டு, மார்ச்சில் மறுபடி தொடங்கி ஏப்ரல் முதல் வாரம் வரை போகும். மழைக்காலக் கூட்டத்தொடர் பொதுவாக ஜூலை மூன்றாவது வாரத்திலிருந்து ஆகஸ்ட் வரை. குளிர்காலக் கூட்டத்தொடர் நவம்பர் கடைசி அல்லது டிசம்பர் தொடக்கத்திலிருந்து கிறிஸ்துமஸுக்கு முன்பு வரை.

இப்போது நம் ஊர்ப் பள்ளி விடுமுறையைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மே மாதத்தில் அவை கிடையாது. காலாண்டு விடுமுறையில் கிடையாது. அரையாண்டு விடுமுறை தொடங்கும்போது குளிர்காலக் கூட்டத்தொடர் முடிந்துவிடும். பொங்கலுக்கும் கிடையாது. தமிழ்நாட்டுப் பிள்ளைகள் விடுமுறையில் வந்தால் அவை நடப்பதைப் பார்க்கவே முடியாது என்றே வைத்துக்கொள்ளலாம். பார்க்க வேண்டுமானால் பள்ளிக்கு லீவு போட்டுத்தான் வர வேண்டும். என்னைக் கேட்டால் அந்த லீவு நியாயமான லீவு.

மயூர்விஹார்_வாசி:
இப்படி நான் யோசிக்கவே இல்லை, நன்றி சார். அத்தையிடம் போனில் கேட்டேன். "கட்டடம் எங்கே போகப் போகிறது, பேசுகிறவர்களைப் பார்க்க வேண்டும்" என்றார். ஆக, அவைதான்.

கோப்புக்காரன்:
நான் சில காலம் ஒரு எம்.பி.யின் டெல்லி அலுவலகத்தில் வேலை பார்த்தவன். பாஸ் விண்ணப்பங்கள் என் மேஜை வழியாகத்தான் போகும். எனக்குத் தெரிந்ததை விவரமாகவே சொல்கிறேன், ஏனென்றால் இதைப் பற்றித் தவறான தகவல்கள் நிறைய உலவுகின்றன.

அவை நடக்கும்போது பார்வையாளர் மாடத்தில் உட்கார, ஒரு உறுப்பினரின் பரிந்துரை வேண்டும். மக்களவை மாடத்துக்கு மக்களவை உறுப்பினர், மாநிலங்களவை மாடத்துக்கு மாநிலங்களவை உறுப்பினர் என்பதுதான் முறை. விண்ணப்பத்தில் உறுப்பினர் கையெழுத்துப் போடும் இடத்தில், இவர் என் உறவினர் அல்லது நண்பர் அல்லது எனக்கு நேரில் தெரிந்தவர், இவருக்கு நான் முழுப் பொறுப்பு ஏற்கிறேன் என்று எழுதியிருக்கும். அதைப் படித்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட வேண்டும்.

2023 டிசம்பர் 13 அன்று நடந்தது எல்லோருக்கும் நினைவிருக்கும். பார்வையாளர் மாடத்திலிருந்து இரண்டு பேர் மக்களவைக்குள் குதித்தார்கள். புகைக் குப்பியைக் காலணிக்குள் மறைத்துக் கொண்டுவந்திருந்தார்கள். அவர்கள் கையில் இருந்ததும் ஒரு உறுப்பினரின் பரிந்துரையில் வாங்கிய பாஸ்தான். 2001இல் பயங்கரவாதத் தாக்குதல் நடந்த அதே தேதி அது. அதன் பிறகு பாஸ் கொடுப்பது சிறிது காலம் நின்றே போனது. 2024 மே மாதத்திலிருந்து பாதுகாப்பை மத்திய தொழிற் பாதுகாப்புப் படை பார்க்கிறது. முன்பின் தெரியாதவருக்குக் கையெழுத்துப் போட எந்த அலுவலகமும் இப்போது தயங்கும். அதில் தப்பே இல்லை.

அதனால் நீங்கள் கேட்க வேண்டியது டெல்லி எம்.பி.யை அல்ல. உங்கள் அண்ணனும் அத்தையும் ஓட்டுப் போடுவது விருதுநகர் தொகுதியில். அந்தத் தொகுதி அலுவலகத்துக்கு அண்ணன் நேரில் போகட்டும். ஒரு கடிதம், எல்லோருடைய ஆதார் நகல், வாக்காளர் அடையாள அட்டை நகல், வரும் தேதி, டெல்லியில் தங்கும் முகவரி. பெயர், அப்பா அல்லது கணவர் பெயர், வயது எல்லாம் ஆதாரில் உள்ள எழுத்தோடு அப்படியே ஒத்துப்போக வேண்டும். நம் ஊர் இனிஷியல் விவகாரம் இங்கே பெரிய தலைவலி. ஆதாரில் "எம். கண்மணி" என்று இருந்தால் விண்ணப்பத்திலும் அப்படியே இருக்கட்டும், விரித்து எழுத வேண்டாம். உள்ளே போகும்போது அசல் ஆதார் கையில் இருக்க வேண்டும்.

ஒரு உறுப்பினர் ஒரு நாளைக்கு இத்தனை பேருக்குத்தான் பரிந்துரைக்கலாம் என்ற வரம்பு உண்டு. அதனால் "செவ்வாய், புதன், வியாழன், எந்த நாள் கிடைத்தாலும் சரி" என்று மூன்று தேதி கொடுங்கள். மொத்தப் பயணத்தையும் ஒரே தேதியில் தொங்க விடாதீர்கள்.

முக்கியமானது: 10 வயதுக்குக் குறைந்த குழந்தைகளை மாடத்துக்குள் விடமாட்டார்கள். உங்கள் அண்ணன் மகன் வெளியே இருந்தாக வேண்டும். அவனை யார் பார்த்துக்கொள்வது என்று இப்போதே முடிவு செய்யுங்கள். வாசலில் வந்து குழந்தையோடு திகைத்து நிற்கும் குடும்பங்களைப் பார்ப்பது எனக்கு எப்போதும் கஷ்டமாக இருக்கும்.

இன்னொன்று. பாஸ் வாங்கித் தருகிறேன், இவ்வளவு கொடுங்கள் என்று யாராவது வந்தால் பேச்சையே நிறுத்திவிடுங்கள். இதற்குக் கட்டணமே கிடையாது.

நெல்லைக்காரி:
கோப்புக்காரன் சார் சொல்வது சரி. ஆனால் நடைமுறையில் இவ்வளவு சுலபமா? போன வருடம் என் அக்காவுக்காக நாங்கள் ஒரு எம்.பி. அலுவலகத்துக்குக் கடிதம் கொடுத்தோம், மின்னஞ்சலும் அனுப்பினோம். பதிலே இல்லை. கட்சிக்காரர் யாராவது சொன்னால்தான் கோப்பு நகரும் என்றார் அங்கே இருந்தவர். என் தொகுதியில் ஓட்டுப் போட்டவள் நான், என் பிரதிநிதி பேசுவதைப் பார்க்க எனக்கு ஏன் இன்னொருவர் சிபாரிசு வேண்டும்? எனக்கு அந்தக் கோபம் இன்னும் ஆறவில்லை.

அப்புறம், பாஸ் கிடைத்தாலும் உள்ளே என்ன நடக்கும்? உட்கார்ந்த பத்தாவது நிமிடம் கூச்சல், ஒத்திவைப்பு. அதற்கா ஒரு வயதான அம்மாவை இரண்டு நாள் ரயிலில் அழைத்து வருவது?

கோப்புக்காரன்:
உங்கள் கோபம் நியாயம். பதில் சொல்லாமல் விடுவது தப்பு, அதற்குச் சாக்கே இல்லை. ஒன்று மட்டும் சொல்கிறேன். மின்னஞ்சல் ஆயிரத்தோடு ஒன்றாகப் போய்விடும். வாரக் கடைசியில் உறுப்பினர் தொகுதியில் இருக்கும்போது நேரில் போய் முகம் காட்டிவிட்டு வருகிறவரின் கடிதம் தனியாக எடுத்து வைக்கப்படும். "நேரில் தெரிந்தவர்" என்று கையெழுத்துப் போடுகிறவருக்கு அந்த ஐந்து நிமிடச் சந்திப்பு பெரிய விஷயம். தலைமை ஆசிரியையாக இருந்த அம்மாவே நேரில் போனால் இன்னும் நல்லது. அவரிடம் படித்தவர்கள் யாராவது அந்த அலுவலகத்திலேயே இருக்கக்கூடும்.

கரோல்பாக்_பழசு:
ஒத்திவைப்பைப் பற்றி. பயம் உண்மைதான், ஆனால் எந்த வாரம் வருகிறோம் என்பதைப் பொறுத்து அந்தப் பயத்தைக் குறைக்கலாம்.

எனக்குப் பிடித்தது பிப்ரவரி முதல் பாதி. குடியரசுத் தலைவர் உரைக்கு நன்றி தெரிவிக்கும் தீர்மானத்தின் மீது விவாதம் அப்போதுதான் நடக்கும். அதைத் தொடர்ந்து பட்ஜெட் மீது பொது விவாதம். எல்லாக் கட்சிகளும் நேரம் ஒதுக்கி, தங்கள் நல்ல பேச்சாளர்களை இறக்கும் நாட்கள் அவை. கூட்டத்தொடரின் முதல் நாளையும் பட்ஜெட் நாளையும் விட்டுவிடுங்கள், பாஸ் கிடைப்பது அரிது. 2017இலிருந்து பட்ஜெட் பிப்ரவரி 1 அன்று தாக்கலாகிறது, ஆகவே அதற்கு அடுத்த வாரத்தைக் குறி வையுங்கள்.

இதில் ரயில் டிக்கெட் சிக்கலும் தீரும். முன்பதிவு 60 நாளுக்கு முன்னால் திறக்கிறது. கூட்டத்தொடர் தேதியோ இரண்டு மூன்று வாரத்துக்கு முன்புதான் உறுதியாகத் தெரியும். மழைக்காலம், குளிர்காலம் இரண்டிலும் இந்த இடைவெளி ஆபத்து. பட்ஜெட் மட்டும் தேதி பிசகாமல் வருவதால் டிசம்பர் தொடக்கத்திலேயே நம்பி டிக்கெட் போடலாம். (தேர்தல் ஆண்டுகளை இதில் சேர்க்காதீர்கள்.) திருக்குறள் எக்ஸ்பிரஸில் ஏறினால் நிஜாமுதீனில் இறங்கலாம், அங்கிருந்து மயூர் விஹார் பக்கம்தான்.

வெயில், மூடுபனி, புகை மூன்றும் கொல்லாத மாதமும் அதுதான். ராஷ்டிரபதி பவனின் அம்ருத் உத்யான் தோட்டமும் பொதுவாக அப்போது திறந்திருக்கும். டிசம்பர் மூடுபனியில் ரயில் எட்டு மணி நேரம் தாமதமாகி, பாஸ் தேதி தாண்டிப் போவதெல்லாம் இங்கே வாடிக்கை.

செங்கல்_சுண்ணாம்பு:
நான் கட்டடம் வரைகிறவன், அதனால் கட்டடத்தின் பக்கம் ஒருவராவது பேச வேண்டும். எல்லோரும் அவை, அவை என்கிறீர்கள். அத்தை கரும்பலகையில் போட்ட அந்த வட்டம் இப்போது அவை நடக்கும் இடம் இல்லை என்பதை அவருக்கு முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், ஏமாற்றம் வேண்டாம்.

வட்டக் கட்டடத்துக்கு 1921 பிப்ரவரி 12 அன்று கன்னாட் கோமகன் அடிக்கல் நாட்டினார். 1927 ஜனவரி 18 அன்று இர்வின் பிரபு திறந்துவைத்தார். லட்யன்ஸும் ஹெர்பர்ட் பேக்கரும் வடிவமைத்தது. விட்டம் 560 அடி, வெளித் தாழ்வாரத்தைச் சுற்றி 144 தூண்கள். 1946 டிசம்பர் 9 அன்று அரசியல் நிர்ணய சபை முதலில் கூடியது அதன் மைய மண்டபத்தில்தான். 1947 ஆகஸ்ட் 14 நள்ளிரவில் நேரு பேசியதும், 1949 நவம்பர் 26 அன்று அரசமைப்பு ஏற்கப்பட்டதும் அங்கேதான். நம் பக்கத்திலிருந்து அல்லாடி கிருஷ்ணசாமி ஐயரும் என். கோபாலசாமி ஐயங்காரும் வரைவுக் குழுவில் இருந்தார்கள், பிறகு டி.டி. கிருஷ்ணமாச்சாரி சேர்ந்தார். அந்தச் சபையில் இருந்த 15 பெண்களில் அம்மு சுவாமிநாதன், தாட்சாயணி வேலாயுதன், துர்காபாய் ஆகியோர் சென்னை மாகாணத்திலிருந்து போனவர்கள். 1962இல் அண்ணா மாநிலங்களவையில் முதல் உரை ஆற்றியதும் அந்த வட்டத்துக்குள்தான். 2023 செப்டம்பரில் அவைகள் இடம் மாறியபோது அதற்கு சம்விதான் சதன் என்று பெயர் வைத்தார்கள்.

புதியது முக்கோணம். 2020 டிசம்பர் 10 அன்று அடிக்கல், 2023 மே 28 அன்று திறப்பு. பிமல் படேல் வடிவமைப்பு, டாடா ப்ராஜெக்ட்ஸ் கட்டுமானம். 64,500 சதுர மீட்டர். மக்களவையில் 888 இருக்கைகள், கருப்பொருள் மயில். மாநிலங்களவையில் 384 இருக்கைகள், கருப்பொருள் தாமரை. ஆறு வாசல்கள், யானை, குதிரை, கருடன், மகரம், அன்னம், சார்தூலம் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு உருவம். நம் சார்தூலத்தை, அதாவது யாளிச் சாயலை, டெல்லியில் வாசல் காவலுக்கு நிற்கக் காண்பது எனக்குத் தனிப்பட்ட சந்தோஷம்.

மாட பாஸ் வைத்திருப்பவர் இதையெல்லாம் சுற்றிப் பார்க்க முடியாது. நேராக மாடம், நேரம் முடிந்ததும் நேராக வெளியே. கட்டடத்தை நின்று நிதானமாகப் பார்க்க வேண்டுமென்றால் அவை இல்லாத காலத்தில் விண்ணப்பித்து வருவதுதான் வழி. நாடாளுமன்றத்தின் சன்சத் இணையதளத்தில் அவ்வப்போதைய அறிவிப்பைப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள், விதிகள் மாறிக்கொண்டே இருக்கின்றன.

இயற்பியல்_டீச்சர்:
நான் டெல்லித் தமிழ்க் கல்விக் கழகப் பள்ளி ஒன்றில் பாடம் எடுக்கிறேன். செங்கல்_சுண்ணாம்பு சார் ஒன்றை விட்டுவிட்டார். புதிய கட்டடத்தின் அரசமைப்பு மண்டபத்தில் ஃபூக்கோ ஊசல் தொங்குகிறது. 22 மீட்டர் உயரத்திலிருந்து தொங்கும் குண்டு. கொல்கத்தாவில் உள்ள தேசிய அறிவியல் அருங்காட்சியகக் குழுமம் செய்து கொடுத்தது. ஊசல் ஆடும் தளம் மெல்ல மெல்லத் திரும்பிக்கொண்டே போகும். ஊசலை யாரும் திருப்புவதில்லை. அதற்குக் கீழே பூமி சுற்றுகிறது, அது நம் கண்ணுக்குத் தெரிகிறது. வட துருவத்தில் ஒரு நாளில் ஒரு முழுச் சுற்று. டெல்லியின் அட்சரேகையில் அதே சுற்றுக்கு ஏறத்தாழ 50 மணி நேரம் ஆகும். இதே ஊசலைச் சென்னையில் தொங்கவிட்டால் சுமார் 106 மணி நேரம். நிலநடுக்கோட்டில் திரும்பவே திரும்பாது. என் மாணவர்களுக்குக் கணக்காகவே கொடுப்பேன்: 24ஐ அட்சரேகையின் சைன் மதிப்பால் வகுத்தால் கிட்டத்தட்ட விடை வந்துவிடும். 9ஆம் வகுப்புப் பெண் தாராளமாகக் கால்குலேட்டரில் போட்டுப் பார்க்கலாம், விருதுநகருக்கும் போடச் சொல்லுங்கள்.

இது மாட பாஸில் பார்க்கக் கிடைக்காது என்பது எனக்கு வருத்தம்தான். இருந்தாலும் அவையா கட்டடமா என்றால் நானும் அவை என்றே சொல்வேன். ஆனால் பிள்ளையைத் தயார் செய்யாமல் அழைத்துப் போகாதீர்கள். என்ன நடக்கிறது என்று தெரியாமல் உட்கார்ந்தால் ஒரு மணி நேரம் வெறும் சத்தமாகவே போய்விடும்.

முந்தைய நாள் மாலை சன்சத் தளத்தில் அடுத்த நாள் அலுவல் பட்டியல் வந்துவிடும். அதைப் பதிவிறக்கி வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து படியுங்கள். மக்களவையில் காலை 11 முதல் 12 வரை கேள்வி நேரம், பிறகு அவசர விஷயங்களை எழுப்பும் பூஜ்ய நேரம். மாநிலங்களவையில் தலைகீழ்: 11 மணிக்கு அவசர விஷயங்கள், 12 முதல் 1 வரை கேள்வி நேரம். மக்களவையில் நட்சத்திரக் குறியிட்ட கேள்விகள் ஒரு நாளைக்கு 20. அவற்றுக்கு அமைச்சர் வாயால் பதில் சொல்ல வேண்டும், உறுப்பினர்கள் துணைக் கேள்வி கேட்டு மடக்கலாம். எழுத்தில் வந்த பதில் அன்றே தளத்திலும் வரும். ஒவ்வொரு அமைச்சகத்துக்கும் வாரத்தில் ஒரு நாள். கல்வி வரும் நாளா, ரயில்வே வரும் நாளா என்று பார்த்து மூன்று தேதிகளில் முன்னுரிமையைச் சொல்லலாம். பட்டாசுத் தொழில் பற்றி அவை கேட்கும் நாள் அமைந்தால் விருதுநகர்க்காரர்களுக்கு அதைவிட என்ன வேண்டும்?

இன்னும் சிலவற்றைச் சொல்லி வையுங்கள். சபாநாயகருக்கு வலது கைப்பக்கம் ஆளும் தரப்பு, இடது பக்கம் எதிர்த்தரப்பு. மக்களவை பச்சை, மாநிலங்களவை சிவப்பு. மக்களவையில் தமிழ்நாட்டுக்கு 39 பேர், புதுச்சேரிக்கு ஒருவர். மாநிலங்களவையில் தமிழ்நாட்டுக்கு 18. அவை நடக்கத் தேவையான குறைந்தபட்ச வருகை பத்தில் ஒரு பங்கு. இருக்கை காலியாக இருக்கிறதே என்று பிள்ளை கேட்பாள், நிச்சயம் கேட்பாள். பாதிப் பேர் குழுக் கூட்டத்திலோ நூலகத்திலோ இருப்பார்கள் என்றும் சொல்லுங்கள், சிலர் வராமலே இருப்பார்கள் என்றும் சொல்லுங்கள். இரண்டும் உண்மை.

நெல்லைக்காரி:
டீச்சர், அலுவல் பட்டியல் விஷயம் எனக்கு இதுவரை தெரியாது. இதைப் படித்துவிட்டுப் போனால் ஒத்திவைப்பு நடந்தாலும் எது தடைபட்டது என்றாவது புரியும். கூச்சலைக்கூட அர்த்தத்தோடு பார்க்கலாம்.

வெள்ளிக்கிழமை பிற்பகல் எப்படி? அமைச்சர் அல்லாத உறுப்பினர்கள் கொண்டுவரும் தனிநபர் மசோதாக்கள் வரும் நேரம் அல்லவா?

கரோல்பாக்_பழசு:
கூட்டம் குறைவாக இருக்கும், பாதிப் பேர் ஊருக்குக் கிளம்பியிருப்பார்கள். ஆனால் எனக்கு அந்த நேரத்தின் மீது மரியாதை உண்டு. 2015 ஏப்ரல் 24 வெள்ளிக்கிழமை திருச்சி சிவா கொண்டுவந்த திருநங்கையர், திருநம்பியர் உரிமை மசோதாவை மாநிலங்களவை நிறைவேற்றியது. 45 வருடத்துக்குப் பிறகு ஒரு தனிநபர் மசோதா ஓர் அவையில் நிறைவேறியது அன்றுதான். கட்சி கொறடா அவ்வளவாக இறுக்காத நேரம் என்பதால் உறுப்பினர்கள் மனதில் பட்டதைப் பேசுவார்கள். அத்தை முதல் முறை வருகிறார், அவருக்குக் கேள்வி நேரமே சரி. நீங்கள் டெல்லியில் இருப்பவர், இன்னொரு நாள் வெள்ளிக்கிழமைக்குப் போய்ப் பாருங்கள்.

தமிழ்_உதயம்:
செங்கோலைப் பற்றி யாரும் பேசவில்லையே? மக்களவையில் நம் சோழச் செங்கோல் நிற்கிறது. அதைப் பார்க்கவே போகலாம்.

கோப்புக்காரன்:
சபாநாயகர் இருக்கைக்கு அருகில் இருக்கிறது, மாடத்திலிருந்து பார்க்கலாம். பிள்ளைகளுக்குச் சொல்லும்போது உறுதியானதை மட்டும் சொல்வோம். 1947இல் திருவாவடுதுறை ஆதீனம் சென்னை உம்மிடி பங்காரு செட்டி நிறுவனத்தில் செய்யச் சொல்லி, ஆகஸ்ட் 14 அன்று நேருவிடம் கொடுத்தது. உச்சியில் நந்தி. பல வருடம் அலகாபாத் அருங்காட்சியகத்தில் இருந்தது. அது சோழர் காலத்துச் செங்கோல் அல்ல. அதிகார மாற்றத்தின் அதிகாரபூர்வ அடையாளமாக அன்று கொடுக்கப்பட்டதா என்பதில் வரலாற்று அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு இருக்கிறது.

தமிழ்_உதயம்:
அப்படியானால் எதிர்க்கட்சிகள் சொன்னதுதான் சரி என்கிறீர்களா? அந்தச் செங்கோலை வைத்து

நெறியாளர்:
இந்த இழை வயதான ஓர் அம்மாவின் வருகையைத் திட்டமிட. செங்கோல் அரசியலுக்குத் தனி இழை இருக்கிறது, தொடர்ச்சியை அங்கே நகர்த்தியிருக்கிறேன். இருவருக்கும் நன்றி.

இயற்பியல்_டீச்சர்:
சோழர் பேச்சு வந்ததால் ஒரே ஒரு வரி. அத்தை பாடம் நடத்தியிருப்பார், உத்திரமேரூர்க் கல்வெட்டு. முதலாம் பராந்தகன் காலம், 919, 921. குடவோலை முறையை மட்டும் சொல்லி நிறுத்தாமல், நிலமும் சொந்த மனையில் வீடும் உள்ளவர்தான் நிற்க முடியும், வயது 35 முதல் 70 என்பதையும் பேத்தியிடம் சொல்லச் சொல்லுங்கள். நிலமில்லாதவரும் பெண்களும் ஓட்டுப் போட்டு அனுப்பிய அவையை இவர்கள் பார்க்கப் போகிறார்கள். புதிய கட்டடத்தில் அவைகள் நிறைவேற்றிய முதல் மசோதாவே பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு இடம் தரும் மசோதா.

மயூர்விஹார்_வாசி:
எல்லோருக்கும் மிகவும் கடமைப்பட்டிருக்கிறேன். பிப்ரவரி, பட்ஜெட்டுக்கு அடுத்த வாரம் என்று முடிவு. அண்ணனும் அத்தையும் தொகுதி அலுவலகத்துக்கு நேரில் போய்க் கடிதம் கொடுத்துவிட்டார்கள். மூன்று தேதி கேட்டிருக்கிறோம். மருமகளுக்குப் பள்ளியில் விடுப்புக் கடிதம் அத்தையே எழுதினார், காரணம் என்ற இடத்தில் "நாடாளுமன்றம் காண" என்று.

இரண்டு சந்தேகம். அத்தையின் முழங்காலுக்கு என்ன ஏற்பாடு? அன்று 8 வயதுப் பையனை எங்கே கூட்டிப் போவது?

கோப்புக்காரன்:
சக்கர நாற்காலி வேண்டும் என்பதை டெல்லி அலுவலகத்தில் முன்பே சொல்லி, உடன் வருகிறவர் யார் என்றும் தெரிவித்துவிடுங்கள். உடல்நிலையைச் சொல்லக் கூச்சப்பட வேண்டாம். வாசலிலிருந்து மாடம் வரை நடை உண்டு, சோதனைகள் பல அடுக்காக இருக்கும், மாடத்தில் படிகளும் உண்டு. பாஸில் போட்ட நேரத்துக்கு ஒரு மணி நேரம் முன்பே போய்விடுங்கள். எந்த வாசல் என்று பாஸைப் பார்த்துத் தெரிந்துகொள்ளுங்கள், ஆட்டோக்காரர் சொல்வதை நம்ப வேண்டாம்.

போன், கேமரா, ஸ்மார்ட் வாட்ச், கைப்பை, தண்ணீர்ப் புட்டி, சாப்பாடு, பவர் பேங்க் எதுவும் உள்ளே வராது. முடிந்தவரை வீட்டிலேயே வைத்துவிடுங்கள், வெளியே இருக்கும் உங்களிடம் கொடுத்துவிட்டுப் போகட்டும். வேளைக்குப் போட வேண்டிய மாத்திரையை முன்பே சாப்பிட்டுவிடச் சொல்லுங்கள். கழற்றி மாட்டச் சுலபமான செருப்பு. வாசகம் எழுதிய சட்டை வேண்டாம்.

மாடத்தில் கைதட்டக் கூடாது, எழுந்து நிற்கக் கூடாது, முன்னால் சாயக் கூடாது, பேசக் கூடாது, குறிப்பெடுக்க முடியாது. நம் ஊர் உறுப்பினர் நன்றாகப் பேசினால் கை தானாகத் தட்டப் போகும், மருமகளுக்கு முன்பே சொல்லி வையுங்கள்.

கரோல்பாக்_பழசு:
பையனுக்கு சாணக்கியபுரி ரயில் அருங்காட்சியகம். பொம்மை ரயிலில் ஏற்றிவிட்டால் அவனுக்கு வருத்தமே இருக்காது. திங்கட்கிழமை மூடியிருக்கும், உங்கள் தேதியில் திங்கள் இல்லை.

மற்றவர்களை மயூர் விஹாரிலிருந்து நீலத் தடத்தில் ராஜீவ் சௌக், அங்கே மஞ்சள் தடம் மாறி மத்திய தலைமைச் செயலகம். ஆனால் அத்தைக்காக அன்று டாக்ஸியே எடுத்துவிடுங்கள், ராஜீவ் சௌக் நெரிசல் முழங்காலுக்கு ஆகாது. முடிந்ததும் எல்லோரும் ஜன்பத் சரவண பவனில் சந்தித்துக்கொள்ளலாம். போன் இல்லாமல் போவதால் இடத்தையும் நேரத்தையும் காலையிலேயே பேசி வைத்துக்கொள்ளுங்கள்.

மயூர்விஹார்_வாசி:
போய் வந்துவிட்டார்கள். கேட்ட மூன்று நாளில் நடு நாள் கிடைத்தது, மக்களவை, கேள்வி நேரம். நான் பையனோடு ரயில் அருங்காட்சியகத்தில் இருந்ததால் மருமகள் சொன்னதை எழுதுகிறேன்.

அலுவல் பட்டியலை முந்தின இரவு அத்தை வாசிக்க, நாங்கள் எல்லோரும் கேட்டோம். எந்தக் கேள்வி முதலில் வரும் என்று தெரிந்திருந்ததால் முதல் நிமிடத்திலிருந்தே புரிந்ததாம். தொலைக்காட்சியில் பேசுகிறவர் முகம் மட்டும்தான் தெரியும், இங்கே பேசாதவர்கள் என்ன செய்கிறார்கள் என்று பார்க்க முடிந்தது என்றாள். ஒருவர் கேள்வி கேட்கும்போது பின்வரிசையில் இன்னொருவர் எழுந்து போய் அவருக்கு ஒரு தாளைக் கொடுத்ததை, அந்தத் தாளைப் பார்த்து அடுத்த துணைக் கேள்வி வந்ததைக் கவனித்திருக்கிறாள். நடுவில் கொஞ்ச நேரம் சத்தமும் இருந்தது. ஒத்திவைப்பு இல்லை. தமிழில் ஒருவர் பேசத் தொடங்கியதும் அவரைச் சுற்றி இருந்தவர்கள் காதில் மாட்டும் கருவியை எடுத்ததைப் பார்த்து அத்தைக்குப் பெருமை தாங்கவில்லை. அமைச்சரின் ஒரு பதில் கேள்விக்குப் பதிலே இல்லை என்பது அவர் தீர்ப்பு. "என் வகுப்பாக இருந்தால் உட்காரவே விட்டிருக்க மாட்டேன்" என்றார். அந்தக் கேள்விக்கான எழுத்துப் பதிலை அன்று இரவே தளத்திலிருந்து எடுத்து, அண்ணனை அச்சிட்டுத் தரச் சொல்லி வாங்கிக்கொண்டார்.

ஊழியர்கள் சக்கர நாற்காலியோடு நன்றாகவே கவனித்துக்கொண்டார்களாம். காமராஜர் சிலை வளாகத்தில் இருப்பது தெரிந்தும் மாட பாஸில் பார்க்க முடியவில்லை என்பது மட்டும் விருதுநகர்க்காரர்களுக்குக் குறை.

செங்கல்_சுண்ணாம்பு:
சிலைகள் எல்லாம் 2024 ஜூனிலிருந்து பிரேர்ணா ஸ்தலம் என்ற ஒரே இடத்தில், பழைய கட்டடத்துக்கும் நூலகக் கட்டடத்துக்கும் நடுவில் இருக்கின்றன. அவை இல்லாத காலத்தில் கட்டடம் பார்க்க விண்ணப்பித்து வரும்போது அந்த இடத்தையும் காட்டுவார்களா என்று கேட்டு வாருங்கள். பையனுக்கு 10 வயதாகும் முன்பே அது நடக்கலாம், கட்டடம் பார்ப்பது அவனுக்கும் பிடிக்கும்.

நெல்லைக்காரி:
அக்காவுக்காக நான் மறுபடி முயற்சி செய்யப் போகிறேன், இந்த முறை கடிதத்தோடு நேரில். டீச்சர், மழைக்காலக் கூட்டத்தொடரில் வந்தால் எந்த வாரம் நல்லது?

இயற்பியல்_டீச்சர்:
தொடங்கி ஒரு வாரம் கழித்து வாருங்கள். ஆகஸ்ட் 15க்கு முந்தைய வாரத்தைத் தவிர்த்துவிடுங்கள், அந்த நாட்களில் நகரம் முழுக்கக் கெடுபிடி, பாதி சாலைகள் மூடியிருக்கும். ரயிலில் காத்திருப்போர் பட்டியல் நீளமாக இருக்கும், அதனால் தேதி அறிவித்த அன்றே டிக்கெட் பாருங்கள். அக்காவின் ஆதாரில் இனிஷியல் எப்படி இருக்கிறது என்று இப்போதே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.